முகம் இல்லாத படம்

வளைகுடா நாட்டில், சோனாப்பூர் தொழிலாளர் கேம்பில் என்னோடு ஒரே ரூமில் இருக்கும் செல்வம் போனிலேயே புதுமாதிரிப் படம் எடுப்பார். கதை இருக்காது, முகம் இருக்காது, பத்து நிமிடமும் வேலை செய்யும் கைகள்தான். "இதை யாரு தம்பி பார்ப்பாங்க?" என்று கேலி செய்வேன்.

ஒருநாள் கட்டட சைட்டில் நான் கம்பி கட்டுவதை எடுத்து யூடியூபில் போட்டுவிட்டார். உடனே அழிக்கச் சொன்னேன். வீட்டில் என்னைச் சூப்பர்வைசர் என்றல்லவா சொல்லி வைத்திருந்தேன்!

"முகமே இல்லையேண்ணே, யாருக்குத் தெரியப்போகுது?" என்றார்.

யாரோ அதை ஊர் வாட்ஸ்அப் குழுவில் போட்டார்கள். மனைவி அழைத்தாள்.

"ஏங்க, அது உங்க கைதானே? கட்டைவிரல் தழும்பு எனக்குத் தெரியாதா? முழுசும் பார்த்தேன். எத்தனை கீறல்! கிளவுஸ் போடாம கம்பி கட்டாதீங்க."

பொய்யைப் பற்றி ஒரு வார்த்தைகூடக் கேட்கவில்லை. ஆறு வருடமாக நான் சொல்லத் துணியாததைச் செல்வத்தின் படம் சொல்லிவிட்டது. இப்போது அவர் போனை எடுத்தால், நானே கையை நீட்டுகிறேன்.