எக்ஸ்பார்ட்டி பெண்டாட்டி

அரியலூர் பஸ் ஸ்டாண்டில் கரும்புச்சாறு குடித்துக்கொண்டிருந்தபோதுதான் எனக்கு விவாகரத்து ஆகி எட்டு மாதம் ஆகிவிட்ட சேதி தெரிந்தது. சொன்னவர் என் வீட்டுக்காரருடைய வக்கீலின் குமாஸ்தா. "ஏங்க, ஆர்டர் எப்பவோ ஆயிடுச்சு. காப்பி வாங்க வரவே இல்லியே?" என்றார் என் வீட்டுக்காரரிடம். பக்கத்தில் ஆறு மாத வயிற்றோடு நின்ற என்னைப் பார்த்து, "இது யாரு, புதுசா?" என்று வேறு கேட்டார். அந்த வாயில் மண்ணு விழ!

நடந்தது இதுதான். முந்தின வருஷம் ஒரு சண்டையில் பெரம்பலூர் பக்கம் குரும்பலூரில் இருக்கும் அம்மா வீட்டுக்குப் போய்விட்டேன். இவர் ரோஷத்தில் விவாகரத்துக்குக் கேஸ் போட்டார். சம்மன் கொண்டுவந்த கோர்ட் ஆளை, "கை நீட்டி வாங்குனாத்தானே கேஸு? நாங்க தொடவே மாட்டோம், போங்க" என்று என் அப்பா திருப்பி அனுப்பினார். தொடாவிட்டாலும் வாங்கியதாகவே எழுதிக்கொள்வார்கள் என்பது எங்களில் ஒருத்தருக்கும் தெரியாது. நான் போகாததால் என்னை எக்ஸ்பார்ட்டி, அதாவது கோர்ட்டுக்கே வராத கட்சி, ஆக்கிவிட்டார்கள். இவர் மட்டும் கூண்டேறிச் சாட்சி சொன்னார். அந்த வாரமே பெரியவர்கள் பேசி, கீழப்பழுவூர் கோயிலில் கற்பூரம் ஏற்றிச் சத்தியம் வாங்கி எங்களைச் சேர்த்துவைத்தார்கள். சாமி முன்னால் கேஸ் முடிந்துவிட்டது என்று இருந்துவிட்டோம். கோர்ட்டுக்குப் போய் யாரும் சொல்லவில்லை; அது பாட்டுக்கு விவாகரத்துத் தீர்ப்பை எழுதிவிட்டது.

பிறக்கப்போகும் பிள்ளையை ஊர் என்ன சொல்லும்? தீர்ப்பை ரத்து செய்ய நான்தான் மனுப் போட வேண்டுமாம், இவருக்கு எதிராக. எனக்கு வக்கீல் தேடிக் கொடுத்ததும் இவர்தான், கூத்தைப் பாருங்கள்!

"முப்பது நாளுக்குள்ள வந்திருக்கணும்மா. மஞ்சக்காமாலைன்னு போட்டுடுவோம். தாமதத்துக்கு எல்லாரும் அதான் போடுவாங்க" என்றார் அந்த வக்கீல்.

"என்னைப் பாத்தா காமாலைக்காரி மாதிரியா சார் இருக்கு? நடந்ததை எழுதுங்க."

விசாரணை நாளில் வயிற்றைத் தூக்கிக்கொண்டு போய் நின்றேன். "இத்தனை மாசமா என்னம்மா பண்ணிக்கிட்டு இருந்தீங்க?" என்று கேட்டார் நீதிபதி.

"இவருக்குத்தான் ஐயா சோறாக்கிப் போட்டுக்கிட்டு இருந்தேன்."

கோர்ட்டே சிரித்தது. இவர் ஆட்சேபணை இல்லை என்றார். தீர்ப்பு ரத்தாயிற்று. ஆனால் பழைய கேஸ் மறுபடி உயிரோடு வந்துவிடும், இவர் அதை வாபஸ் வாங்க வேண்டும் என்று வக்கீல் சொன்னார். "அடுத்த வாய்தாவுக்குப் பாத்துக்கலாங்க, பஸ்ஸுக்கு நேரமாச்சு" என்றார் இவர்.

வராந்தாவில் உட்கார்ந்து பழைய விவாகரத்துத் தீர்ப்பின் காப்பியைப் படித்தேன். நான் கொதிக்கிற குழம்பை இவர் மேல் ஊற்றினேனாம். என்னோடு இருந்தால் உயிருக்கு ஆபத்தாம். சத்தியம் செய்து சொல்லியிருக்கிறார்.

"நான் எப்ப ஊத்துனேன்?"

"வக்கீல் எழுதிக் குடுத்தாரு, ஒப்பிச்சேன். எல்லாரும் சொல்றதுதானே, விடு."

நான் காமாலை என்றுகூடப் பொய் சொல்லவில்லை.

"கூண்டுல ஏறிச் சொன்ன வாயால, அதே கூண்டுல ஏறிப் பொய்யின்னு சொல்லிட்டு வாங்க. அப்புறம் வூட்டுக்கு வரேன்."

விவாகரத்து ஆகியிருந்த மாதமெல்லாம் இவரோடுதான் இருந்தேன். மறுபடி பெண்டாட்டி ஆன அன்றைக்கு, அம்மா வீட்டுக்குப் போகத் தனியாகப் பெரம்பலூர் பஸ் ஏறினேன்.