அம்மா நிற்க வேண்டிய இடம்

அறுபதுகளின் தொடக்கம். சிராங்கூன் ரோட்டை ஒட்டிய ஒரு சந்தில், கடைவீட்டு மாடியில் குடியிருந்தோம். எனக்குக் கல்யாணம் நிச்சயமான நேரம் பார்த்து அம்மா காசநோய் ஆஸ்பத்திரியில் கிடந்தார். வெளியே விடமாட்டார்கள். தேதியைத் தள்ளிப்போட மாப்பிள்ளை வீட்டாரும் சம்மதிக்கவில்லை. “எம்பொண்ணுக்குத் தாரை வார்க்க எனக்குக் கொடுத்து வைக்கலியே” என்று அம்மா அழுதது இன்னும் என் காதில் இருக்கிறது.

அம்மா பார்க்கவாவது செய்யட்டும் என்று, பக்கத்து அறையில் இருந்த ஓர் அண்ணனிடம் கல்யாணத்தைப் படம் பிடிக்கச் சொன்னார் அப்பா. அந்த அண்ணன் தியேட்டர்களுக்குப் பேனர் வரைபவர். சொந்தமாக ஒரு சின்ன மூவி கேமரா வைத்திருந்தார். கால்வாயில் மழைத்தண்ணீர் ஓடுவது, கொடியில் சேலை காய்வது என்று கதையே இல்லாத படமாக எடுத்து, வேட்டியைத் திரையாகக் கட்டி அதில் போட்டுக் காட்டுவார். கிறுக்கு என்று தெருவே கேலி செய்யும். எங்களுக்கோ வேறு ஆள் இல்லை.

அவர் என்னிடம் ஒன்றே ஒன்றுதான் கேட்டார். “அம்மா இருந்தா எந்தப் பக்கம் நின்னிருப்பாங்க, தங்கச்சி?”

“அப்பாவுக்கு வலப்பக்கம்” என்றேன். ஏன் கேட்கிறார் என்று யோசிக்கவில்லை.

சைனாடவுன் மாரியம்மன் கோயிலில் கல்யாணம். தாரை வார்க்க, அம்மாவுக்குப் பதிலாக அத்தை செம்பைப் பிடித்தார். அந்த அண்ணன் கடைசிவரை அத்தையின் தோளுக்குப் பின்னாலேயே ஒட்டிக்கொண்டு நின்றார்.

பிலிம் கழுவி வந்ததும் வீட்டில் போட்டுப் பார்த்தோம். ஒருவர் முகமும் முழுசாக இல்லை. அப்பாவின் தோள், குனிந்த என் தலை, பூச்சரம். தாரை வார்க்கும்போது அப்பா, மாப்பிள்ளை, நான் மூவரின் கைகள். மேலேயிருந்து விழும் தண்ணீர். அவ்வளவுதான். அத்தை கொதித்துவிட்டார்.

“செம்பு பிடிச்ச என் கையக்கூடக் காணோம் லா! இத எப்படி அண்ணிக்கிட்ட காட்டுறது?”

எனக்கும் ஆத்திரம்தான். மறுபடி எடுக்கக் கல்யாணம் என்ன நாடகமா? “அவங்க பாக்கட்டும்” என்று மட்டும் சொன்னார் அந்த அண்ணன்.

வார்டில் நர்ஸாக இருந்த சீன மிஸ்ஸி, தானே திரைச்சீலைகளை இழுத்து இருட்டாக்கிக் கொடுத்தார். அம்மாவின் கட்டிலுக்குப் பின்னால் புரொஜெக்டர், எதிரே வெள்ளைச் சுவர். அம்மா அசையாமல் பார்த்துக்கொண்டிருந்தார். தாரை வார்க்கும் கட்டம் வந்ததும் எழுந்து உட்கார்ந்தார். செம்பைச் சாய்ப்பதுபோல வலது கையை நீட்டிச் சாய்த்தார். அந்தக் கையின் நிழல் சுவரில் விழ, அதிலிருந்தே எங்கள் கைகளின்மேல் தண்ணீர் விழுந்தது.

“ஊத்திட்டேங்க” என்றார் அப்பாவைப் பார்த்து.

முதலில் அழுதது அத்தைதான். அப்பா துண்டால் முகத்தை மூடிக்கொண்டார். அந்த அண்ணன் எங்கள் யாரையும் பார்க்காமல் பிலிமைச் சுற்றிக்கொண்டிருந்தார்.

அம்மா வீடு திரும்பவில்லை. பின்னாளில் ஆங் மோ கியோவுக்குக் குடிபோனபோது அந்தப் படமும் எங்கோ தொலைந்துவிட்டது. ஆனால் எனக்குத் தாரை வார்த்தது யார் என்று பேரப்பிள்ளைகள் கேட்டால், அம்மா என்றுதான் இன்றும் சொல்கிறேன். உயிரோடு இருந்தவரை அத்தையும் அப்படித்தான் சொன்னார்.