றீற்றாவின் வசனம்

வீடியோவைப் போட்டதும் நீக்கிலாப்பிள்ளை செய்கிற முதல் வேலை, ரீவியின் சத்தத்தை முழுக்கக் குறைப்பது. அதில் வருவது வெறும் பியானோ. "உது என்னத்துக்கு? நான் இருக்கிறன்தானே!"

அமெரிக்காவில் மதுவிலக்கு இருந்த காலத்து ஊமைப்படம். ஒரு மீசைக்காரன் பொலிசுக்கும் பெண்சாதிக்கும் தெரியாமல் போத்தல் பதுக்குகிறான்: குழந்தை வண்டிக்குள், பியானோவுக்குள், போதகரின் தொப்பிக்குள். பழைய சாமான் விற்கிற கராஜ் சேலில் வாங்கிய அந்தப் படத்துக்குச் சனிக்கிழமைதோறும், டோர்செட் பார்க் அடுக்குமாடியின் பதினோராம் மாடியில், குரல் கொடுப்பவர் நீக்கிலாப்பிள்ளை. கிழமை முழுக்க லோன்றியில் ஆஸ்பத்திரி பெட்சீற் அள்ளிய முதுகு சோபாவில் சாய்ந்ததும்தான் மனிதருக்கு உயிர் வரும். "ஐயோ சேர், உது பிள்ளைக்கு ஓமத்தண்ணி சேர்!" பக்கத்து வீட்டுப் பத்மநாதனுக்குச் சிரித்துப் புரையேறும்.

மீசைக்காரனின் பெண்சாதிக்கு மட்டும் அவர் குரல் கொடுப்பதில்லை. அது மனைவி றீற்றாவின் பங்கு. அந்த முகம் வந்ததும் குசினிக்குள் இருந்து வசனம் வரும்: "எங்கயப்பா ஒளிச்சு வைச்சிருக்கிறியள்?" அவரிடமே அவள் இருபது வருஷமாகக் கேட்டு, ஒருநாளும் பதில் கிடைக்காத கேள்வி. தொண்ணூற்றாறாம் ஆண்டு பெரிய வெள்ளியோடு மனிதர் குடியை விட்டபிறகுதான் அது பகிடியானது. "இனியொருக்கா போத்தலைக் கண்டனெண்டால் ரெக்ஸ்டேலுக்கு, கிளடிஸ் அக்கா வீட்டை போயிடுவன். திரும்பி வரமாட்டன்" என்று அன்று அவள் சொன்னது மட்டும் பகிடியல்ல.

இந்தச் சனிக்கிழமையும் அந்த முகம் வந்தது. குசினியில் சத்தமில்லை.

"றீற்றாக்கா நித்திரையோ?" என்றார் பத்மநாதன்.

நித்திரையாவது! நீக்கிலாப்பிள்ளை சோபாவை விட்டு எழும்பினார். வியாழக்கிழமை வாங்கிய அரைப்போத்தல், இரண்டு மிடறு குறைந்தபடி, அவருடைய ஸ்னோ சப்பாத்துக்குள் இருந்தது. படத்தில் வராத இடமாம்! பூனை கண்ணை மூடிக்கொண்டு பால் குடித்த கதை. வாசலைப் பார்த்தார். சப்பாத்து இடம் மாறியிருந்தது. கொழுவியில் றீற்றாவின் கோட் இல்லை.

குசினிக்குள் எட்டிப் பார்த்தார். கதிரையில் அவள் கோட்டைப் போட்டுக்கொண்டு இருந்தாள்.

ஒரு பொய் வாய்வரை வந்தது. ஆனால் அவருக்குக் களைத்துவிட்டது. குடித்த களைப்பைவிட ஒளித்த களைப்புப் பெரிது.

"சப்பாத்துக்குள்ள, றீற்றா," என்றார், பத்மநாதனுக்கும் கேட்கும்படி. போத்தலை எடுத்துவந்து அவள் முன்னால் மேசையில் வைத்தார்.

றீற்றா அதைப் பார்த்தாள். பிறகு கோட்டின் மேல்பொத்தானை மட்டும் கழற்றினாள்; கதிரையை விட்டு எழும்பவில்லை.