விசில் கொடுக்கப்பட்டவர்

அப்பா இருந்த ரயில் பாதை கேங்கில் ஒரு வழக்கம். உடம்பு முடியாமல் வருகிறவனைக் கடப்பாரை பிடிக்க விடமாட்டார்கள். விசிலும் சிவப்புக் கொடியும் கொடுத்துத் தள்ளி நிறுத்திவிடுவார்கள். வண்டி வந்தால் ஊத வேண்டும், அவ்வளவுதான். லீவு போட்டால் கூலி கிடையாது என்பதால் ஒருவருக்கொருவர் செய்துகொண்ட உதவி அது. அப்பாவும் காய்ச்சலோடு விசில் பிடித்து நின்றிருக்கிறார். "இன்னைக்கு எனக்கு ஆபீசர் வேல" என்று வந்து சிரிப்பார்.

அன்று சங்ககிரிப் பக்கம் வேலை. விசில் எதிர்வீட்டுச் சித்தப்பாவிடம் இருந்தது. சொந்தமில்லை, கூப்பிட்டுப் பழகியது. காய்ச்சல் மாத்திரை போட்டிருந்தவர் உட்கார்ந்து கண் அசந்துவிட்டார். வண்டி வந்தபோது மற்றவர்கள் எப்படியோ விலகிக் குதித்துவிட்டார்கள். குனிந்து ஜல்லி தள்ளிக்கொண்டிருந்த அப்பாவை வண்டி அடித்துவிட்டது. ஆஸ்பத்திரியில் கொஞ்ச நாள் கிடந்தார், அப்புறம் போய்விட்டார். அம்மா நான் சின்னப் பிள்ளையாக இருந்தபோதே இல்லை. இப்போது வீட்டில் நான் மட்டும். மில்லிலிருந்து வந்து கதவைத் திறந்தால் "அப்பா, வந்துட்டேன்" என்று வாய் தானாகச் சொல்லிவிடுகிறது. சொல்லிவிட்டு அங்கேயே நிற்பேன்.

அப்பாவை வேலைக்கு வைத்திருந்த கான்ட்ராக்டர் சாவுக்கு மாலையோடு வந்தார். "நாங்க என்ன பண்ணுனோம் அம்மணி? ஊதாதவன் எதுத்த ஊட்டுலதான இருக்கறான், அவனப் போயிக் கேளு" என்றார். எனக்கும் அப்படித்தான் பட்டது. சித்தப்பா வீட்டில் டிவி சத்தம் கேட்டால்கூடக் கதவைச் சாத்திக்கொள்வேன்.

நஷ்டஈடு கேட்டுக் கேஸ் போட வைத்தது யூனியன்காரர் ஒருவர். நான் எட்டாவதோடு நின்றவள். அவர் சொன்னதில் எனக்கு விளங்கியது இதுதான்: கூட வேலை செய்கிறவன் வேலையில் தப்பு செய்தால், வேலை வைத்தவன்தான் அதற்குப் பொறுப்பு. ஆனால் கான்ட்ராக்டர் வேறு மாதிரி சொன்னார். விசில் ஊதினார்களாம், அப்பாதான் கேட்டும் நகரவில்லையாம். சித்தப்பாவும் அதையே சொன்னால் அவர் வேலை போகாமல் இருக்கும் என்று ஊரில் பேசிக்கொண்டார்கள். சொல்லிவிட்டால் அப்பா தன் சாவைத் தானே தேடிக்கொண்டவர் ஆகிவிடுவார். எனக்கு அதுதான் பயம்.

கேஸ் விசாரணைக்குச் சேலம் லேபர் ஆபீசில் சித்தப்பாவைக் கூப்பிட்டார்கள். கழுத்துத் துண்டை எடுத்துக் கையில் வைத்துக்கொண்டார். என்னைப் பார்க்கவில்லை.

"நான் ஊதலீங்க. தூங்கிப்போயிட்டனுங்க."

காய்ச்சல்காரனை யார் காவலுக்கு நிறுத்தியது என்று அதிகாரி கேட்டார்.

"காய்ச்சக்காரனுக்குத்தானுங்க எப்பவும் விசிலு. கான்ட்ராக்டரு வெச்ச மேஸ்திரிதானுங்க எடுத்துக் குடுப்பாரு."

அதிகாரி அதைத் திரும்பச் சொல்லச் சொல்லி எழுதிக்கொண்டார். பின்னால் கான்ட்ராக்டர்தான் பொறுப்பு என்று தீர்ப்பு வந்தது இந்தப் பேச்சை வைத்துத்தான்.

வெளியே வந்ததும் யூனியன்காரர் சிரித்தார். இனி அப்பாமேல் யாரும் தப்புச் சொல்ல முடியாது என்றார். அதை அப்பாவிடம்தான் முதலில் சொல்ல வேண்டும் போல இருந்தது. வேறு யாரிடம் சொல்வதென்று தெரியவில்லை.

திருச்செங்கோடு பஸ்ஸில் சித்தப்பா முன்னாலேயே ஏறி, பக்கத்து சீட்டில் துண்டு போட்டு வைத்திருந்தார். மேஸ்திரி அவரை இனி வேலைக்கு வர வேண்டாம் என்று சொல்லிவிட்டதாக அதற்குள் எனக்குத் தெரிந்திருந்தது.

"உக்காரு சாமி" என்றார்.

அவரைத் திட்ட வேண்டும் என்று எத்தனையோ நாள் நினைத்திருந்தேன். இப்போது திட்டத் தோன்றவில்லை. உட்காரவும் முடியவில்லை. கம்பியைப் பிடித்து நின்றுகொண்டே வந்தேன். கூட்டம் ஏறியது. அந்த சீட்டில் அவர் வேறு யாரையும் உட்கார விடவில்லை.