பைஜாமாவை நேராகப் போட்ட பிள்ளை

ஒன்டாரியோ ஏரிப்பக்கம் வானம் கறுத்தால், மறுநாள் பள்ளி உண்டா இல்லையா என்று டிவிக்காரனுக்கு முன்பே சொல்லிவிடுவாள் வெர்னா குபியாக். பள்ளிச் சமையலறையில் என்னோடு வேலை பார்த்தவள். சரியான சிடுமூஞ்சி.

"நாளைக்கு லீவா ஆன்ட்டி?" என்று பிள்ளைகள் தட்டோடு மொய்ப்பார்கள். பைஜாமாவை உள்வெளியாகத் திருப்பிப் போட்டுக்கொண்டு தூங்கினால் பனி கொட்டிப் பள்ளிக்கு லீவு கிடைக்கும் என்பது எங்கள் ஊர்ப் பிள்ளைகளின் நம்பிக்கை.

ஒரு ஜனவரியில், "நாளைக்குப் பள்ளிக்கூடம் கிடையாது, போங்க" என்றாள் வெர்னா. ஒரே கூச்சல். டாமி லபார்ஜ் என்ற சிறுமி மட்டும் தட்டையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"ஏண்டி, நீ பைஜாமாவைத் திருப்பிப் போடலையா?" என்று கேட்டாள் வெர்னா.

"நான் நேராத்தான் போடுவேன் ஆன்ட்டி. லீவு விட்டா சாப்பாடு ஏது?"

 வெர்னா டாமியின் தட்டில் இன்னொரு கரண்டி சாப்பாடு போட்டாள்.

அன்றிலிருந்து லீவைப் பற்றி யார் கேட்டாலும், "எனக்கென்ன தெரியும்? ஒழுங்கா சாப்பிடு" என்று எரிந்து விழுந்தாள். ஆனால் சில மாலைகளில், சில பிள்ளைகளின் புத்தகப்பையில் ரொட்டியும் சீஸும் திணித்து அனுப்புவாள்.

அந்தப் பைகள் கனத்தால், காலையில் கதவு திறக்க முடியாத அளவுக்குப் பனி கிடக்கும்.