மல்சுன் விரட்டிய மகன்கள்

மசான் மீன் சந்தையில் நோ மல்சுன் கடைக்கு வெளிநாட்டு மகன்கள் வருவது புதிதல்ல. போர் முடிந்த பஞ்சத்தில் தன் பிள்ளையை அநாதை விடுதியில் விட்டாள். அறுவடைக்குப் பிறகு கூட்டிவரப் போனால், பிள்ளை தத்துப் போய்க் கடல் தாண்டிவிட்டிருந்தது. அன்றிலிருந்து தேடுகிறாள். தலை நரைக்கத் தொடங்கிய யாராவது நெட்டையாக வந்து நிற்பார். கூடவே ஒரு மொழிபெயர்ப்பாளர். மல்சுன் கத்தியைக் கீழே வைக்காமலே கேட்பாள், விட்டபோது எத்தனை வயது என்று. ஒன்று என்பார்கள். தன் பிள்ளைக்கு மூன்று என்பாள். அத்தோடு தாய்மை முடிந்தது. மீன் சூப்பு கொடுத்துப் பேருந்து ஏற்றிவிடுவாள். முன்பெல்லாம் அழுதாள். இப்போது அழுதால் முதுகு பிடித்துக்கொள்கிறது.

அன்று வந்தவர் ஆண்டர்ஸ், டென்மார்க்காரர். அழைத்து வந்தவன் பெற்றோரைத் தேடித் தரும் சங்கத்துக் கீசோக்.

"இந்த வாரத்து மகனா?" என்றாள் பக்கத்துக் கடை போங்சுன்.

"நீ உன் கணவாயப் பாரு."

"விட்டப்ப இவருக்குப் பதினாலு மாசம், அத்தை," என்றான் கீசோக்.

"அப்ப இவனும் இல்ல. என் பிள்ளைக்கு மூணு வயசு. சாப்பிட வச்சு அனுப்பு."

கீசோக் நகரவில்லை. "உங்க பையன் எந்த மாசம் பொறந்தான்?"

இத்தனை வருடத்தில் யாரும் அதைக் கேட்டதில்லை.

"பன்னெண்டாம் மாசக் கடைசி. புத்தாண்டுப் பலகாரத்துக்கு மாவு இடிச்சிட்டிருந்தாங்க."

"பொறந்த அன்னைக்கே நம்ம ஊர்க் கணக்குல வயசு ஒண்ணு. புத்தாண்டுக்குப் புத்தாண்டு எல்லாருக்கும் ஒண்ணு கூடும்; அந்தப் புத்தாண்டுக்கே ரெண்டு. எப்ப விட்டீங்க?"

"அடுத்த புத்தாண்டு கழிஞ்சு. பனி உருகுறப்ப."

"அதோட மூணு. அவங்க ஊர்க் கணக்குல பதினாலு மாசம்தான் அத்தை."

மல்சுன் கத்தியைப் பலகையில் வைத்தாள். ஒன்றும் புரியாத ஆண்டர்ஸ் பொதுவாகச் சிரித்துவைத்தார்.

"சின்னவன்னு நான் விரட்டுனவங்க எல்லாரையும் கூப்பிடு," என்றாள் மல்சுன்.

"கூப்பிடுறேன். எல்லாரும் வருவாங்களான்னு தெரியல. அதுல அந்தச் சுவீடன்காரர் போன வருஷம் இறந்துட்டாரு."

"காது மடங்குனவனா?"

"ஆமா."

அவள் அறுத்த மீனை ஓரமாகத் தள்ளினாள். பிறகு கையைக் கழுவி, ஆண்டர்ஸுக்கு முக்காலியை இழுத்துப் போட்டாள். கீசோக் மரபணுச் சோதனைக்கான பஞ்சுக்குச்சியைப் பையிலிருந்து எடுத்தான்.

"சீக்கிரம் எடுத்துக்கோ," என்று சொல்லிவிட்டு வாயைத் திறந்தாள்.