மூன்று ஜப்பான் சேலைகள்

எங்கள் தாத்தா அந்நியத் துணியை எரித்தவர். இராஜபாளையத்தில் எங்கள் ஜவுளிக்கடைக்கு வருகிறவர்கள் இந்தக் கதையைக் கேட்காமல் ஒரு முழத் துணிகூட வாங்கிப் போய்விட முடியாது. சுவரில் கதர்க்குல்லாயுடன் தாத்தாவின் படம், படத்துக்குக் கீழே பெரியப்பா. வெள்ளைக்காரன் காலத்தில் தாத்தா தன் கடையிலிருந்த மான்செஸ்டர் துணியை நடுத்தெருவில் குவித்துக் கொளுத்தியதையும், மறுநாள் சுதேசித் துணி கேட்டுக் கடை கொள்ளாத கூட்டம் வந்ததையும் பெரியப்பா துணியை அளந்துகொண்டே சொல்வார். கேட்கிறவர்கள் உருகிப்போய் அரை கஜம் கூடவே வாங்கிப் போவார்கள்.

நான் ஐந்தாம் வகுப்பு படித்தபோது சுதந்திர வெள்ளிவிழா வந்தது. ஸ்ரீவில்லிபுத்தூரில் பள்ளிக்கூடங்களுக்கு நாடகப் போட்டி வைத்தார்கள். எங்கள் டீச்சர் அந்நியத் துணி எரிப்பைப் பற்றி ஒரு நாடகம் எழுதி, தீ வைக்கிற வியாபாரிக்கு முழுப் பக்கம் வசனம் கொடுத்திருந்தார். எனக்கு அந்த வேஷம் வேண்டும். சோறு தண்ணி இல்லாமல்கூட இருந்துவிடுவேன், அந்த வேஷம் இல்லாமல் முடியாது. என் தாத்தா வேஷத்தை வேறொருத்தி போடுவதா?

டீச்சர் கறாரான மனுஷி. சிவப்புக் காகிதத்தையும் பல்பையும் வைத்து ஊரை ஏமாற்றக் கூடாது, நிஜமான பாரின் துணியை யார் கொண்டு வருகிறாளோ அவளுக்குத்தான் வேஷம் என்று சொல்லிவிட்டார். உடனே முன்பெஞ்சுக்காரி ஒருத்தி எழுந்து, சிங்கப்பூரிலிருந்து மாமா அனுப்பிய சட்டை வீட்டில் இருக்கிறது என்றாள். 

எங்கள் கடையில் பாரின் துணி இல்லாமல் இல்லை. ஜப்பான் நைலக்ஸ் சேலைக்குப் பெண்கள் உயிரை விட்ட காலம் அது. துவைத்து ஒரு உதறு உதறினால் காய்ந்துவிடும். சுருக்கமே விழாது. இந்தப் பக்கத்தில் எங்கள் கடையில் மட்டும்தான் அது கிடைத்தது. கண்ணாடி அலமாரிக்குள் பூட்டி வைத்திருப்பார் பெரியப்பா. சேலை ஓரத்தில் தங்க மையில் ‘மேட் இன் ஜப்பான்’ என்று இங்கிலீஷில் சீல் இருக்கும். தெரிந்தவர்களுக்கு மட்டும் குரலைத் தாழ்த்திக்கொண்டு எடுத்துக் காட்டுவார். இரண்டு தீபாவளிக்குக் கேட்டும் என் அம்மாவுக்கே கிடைக்கவில்லை. அந்த அலமாரியிலிருந்து ஒரு சேலையை, அதுவும் எரிக்கக் கேட்டால் முதுகுத்தோல் உரிந்துவிடும் என்று எனக்குத் தெரியும். தெரிந்தும் போய் நின்று, வாயைத் திறக்குமுன் அழுதுவிட்டேன்.

விஷயத்தைக் கேட்ட பெரியப்பா, “இதுக்காட்டி அழுத? எத்தன வேணும்?” என்றார்.

“ஒண்ணு.”

“ஒண்ண எரிச்சா அது நாடகமா? மூணா எடுத்துக்கோ.”

அம்மா வாயில் கை வைத்தவள் எடுக்கவே இல்லை. அப்பனுக்குப் பிள்ளை தப்பாமல் பிறந்திருக்கிறது என்று வீடே பெரியப்பாவைக் கொண்டாடியது. அவர் கேட்டது ஒன்றே ஒன்றுதான். “தீ வைக்க முந்தி ஓரத்துல இருக்க சீல் எழுத்த சனங்களுக்குக் காட்டு. நல்லாச் சத்தமா வாசி. பொறவு கொளுத்து.” நாடகக் கலையில் பெரியப்பாவுக்கு இத்தனை ஞானமா என்று நான் வியந்துபோனேன்.

போட்டியன்று கரியால் மீசை வரைந்து, தாத்தாவின் குல்லாயைக் காதுவரை இழுத்து மாட்டிக்கொண்டு மேடை ஏறினேன். மேடை நடுவில் ஓர் இரும்புச் சட்டி. முதல் சேலையை விரித்து, “மேட் இன் ஜப்பான்!” என்று கத்தினேன். பெண்கள் பக்கமிருந்து ‘ச்சொச்சொ’ என்று ஒரே சத்தம். தீக்குச்சியை வைத்தேன். நைலான் அல்லவா, ஜுவாலையைக் காணோம். சுருண்டு உருகி, கரும்புகை கிளம்பி எனக்கு இருமல் வந்துவிட்டது. விடவில்லை. இரண்டாவது சேலையையும் கொளுத்தினேன். மூன்றாவதை விரிக்கும்போதுதான் கூமாப்பட்டிக்காரம்மா ஒருத்தி கூட்டத்தைப் பிளந்துகொண்டு மேடை மேல் பாய்ந்தாள்.

“ஏட்டி பாவி மகளே! ஜப்பான் சேலையப் போயி எரிக்கியே, ஒனக்கு மனசு வருதா?”

சேலையின் ஒரு முனை அவள் கையில், மறுமுனை என் கையில். எனக்கோ இன்னும் அரைப் பக்கம் வசனம் பாக்கி. இழுத்துக்கொண்டே முழங்கினேன்: “அந்நியத் துணி நம் கையில் பூட்டிய விலங்கு!”

“வெலங்குன்னா எங்கிட்டத் தா. நான் மாட்டிக்கிடுதேன்!”

கூட்டம் உருண்டு புரண்டு சிரித்தது. டீச்சர் திரைக்குப் பின்னால் தலையில் கை வைத்துக்கொண்டார். ஆனால் நடுவர்கள் அந்த அம்மாளையும் நாடகத்தில் ஒரு பாத்திரம் என்றே நினைத்துவிட்டார்கள்! எங்களுக்கு முதல் பரிசு. அந்த அம்மாளுக்குச் சிறந்த நடிப்புக்காக ஒரு டப்பா பால்கோவா. பால்கோவாவோடு சேலையையும் இடுப்பில் செருகிக்கொண்டு அவள் கம்பீரமாக இறங்கிப் போனாள். பஸ்ஸில் ஊர் வந்து சேரும்வரை நாங்கள் பாட்டுப் பாடித் தொண்டை கட்டிப்போனோம். என் வாழ்நாளில் அப்படி ஒரு சந்தோஷமான நாள் பிறகு வந்ததாக நினைவில்லை.

மறுநாள் கடையில் நிற்க இடமில்லை. ஸ்ரீவில்லிபுத்தூர், கூமாப்பட்டி, தளவாய்புரம் என்று எங்கெங்கிருந்தோ வந்து, “அந்தப் பிள்ள எரிச்சுதே, அதே சேலை” என்று கேட்டார்கள். மத்தியானத்துக்குள் கண்ணாடி அலமாரி காலி. பெரியப்பா என்னைச் சரக்கறைக்குக் கூட்டிப்போய்க் கதவைச் சாத்தினார். அங்கே புது மூட்டை ஒன்று பிரித்துக் கிடந்தது. சாக்கில் இருந்த இங்கிலீஷ் எழுத்தைக் கூட்டி வாசித்தேன். சூரத். சூரத் ஜப்பானில் உள்ள ஓர் ஊர் என்று நானே முடிவு செய்து, அந்த வருஷப் பரீட்சையில் அப்படியே எழுதி முட்டை வாங்கியது தனிக்கதை.

பெரியப்பா ஒரு தகரப் பெட்டியிலிருந்து மர அச்சை எடுத்து, தங்க மையில் தொட்டு, சேலை ஓரத்தில் ‘மேட் இன் ஜப்பான்’ என்று குத்தினார். வெளியூரிலிருந்து வந்த கடுதாசிக்குத் தபாலாபீசில் குத்துவார்களே, துணிக்கும் அப்படித்தான் போலிருக்கிறது என்று நினைத்துக்கொண்டேன். அவர் குத்தக் குத்த நான் மையை ஊதிக் காயவைத்தேன்.

பெட்டியின் அடியில் இன்னோர் அச்சு கிடந்தது. கறுத்துப்போன பழைய மரம். மையில் தொட்டு முழங்கையில் குத்திப் பார்த்தேன். ‘சுதேசி’ என்று மங்கலாக விழுந்தது. ‘தே’ இருந்த இடம் வெறும் தடம்தான்.

“இது யாருது பெரியப்பா?”

“ஒங்க தாத்தாவோடதுட்டி.”

எனக்குப் புல்லரித்துவிட்டது. அதை எடுத்துக் கண்ணில் ஒற்றிக்கொண்டேன். ஜப்பான் அச்சின் எழுத்து நேற்று வெட்டியதுபோல் இருந்தது. தாத்தாவின் அச்சு மழுங்கித் தட்டையாகிப் போயிருந்தது. மரம் அப்படித் தேய எத்தனை மூட்டைத் துணிக்குக் குத்தியிருக்க வேண்டும், அந்தக் காலத்தில் அத்தனை சுதேசித் துணி எங்கிருந்து வந்தது என்று யோசிக்கிற வயதில்லை எனக்கு.

“ஏன் பெரியப்பா இது மட்டும் இம்புட்டுத் தேஞ்சு கெடக்கு?”

“நாட்டுக்கு ஒழைச்சதுல்லாட்டி! தேயாம இருக்குமா?” என்றவர் சிரிக்கத் தொடங்கினார். கண்ணில் நீர் வந்து, அச்சைக் கீழே வைத்து, சேலை மூட்டையின் மேலேயே சாய்ந்து சிரித்தார். எதற்கென்று தெரியாமல் நானும் அவர்மேல் விழுந்து சிரித்தேன்.

அந்தத் தங்க மை என் கையில் மூன்று நாள் இருந்தது. குளிக்கும்போது அந்தக் கையை மட்டும் நனையாமல் தூக்கிப் பிடித்துக்கொண்டேன்.